மீட்டர் ஏறாத சுவர்

லிஃப்ட் ஓட்டுகிற வேலை என்றால் பலருக்கும் ஓர் இளக்காரம். ஸ்டூலில் உட்கார்ந்து பொத்தானை அமுக்குவதற்குச் சம்பளமா என்று கேட்பார்கள். அப்படிக் கேட்கிறவர்களை ஒரே ஒரு நாள் அந்தப் பெட்டிக்குள் உட்கார வைத்துப் பார்க்க வேண்டும். பழைய காலத்து லிஃப்ட். இரும்புக் கம்பிக் கதவை இரண்டு கையாலும் இழுத்துச் சாத்தினால்தான் நகரும். கொஞ்சம் இடைவெளி விட்டாலும் முரண்டு பிடிக்கும். இரண்டாம் மாடியில் இன்ஷூரன்ஸ்காரர்கள், மூன்றாம் மாடியில் ஆடிட்டர், நான்காம் மாடியில் கண் டாக்டர். ஐந்தாம் மாடி முழுக்க மின்சார ஆபீஸ். கரண்ட் போனால் எல்லோரையும்விட அதிகமாகப் படியேற வேண்டியவர்கள் கரண்ட் கொடுக்கிறவர்கள்தான். எந்த மகராசன் யோசித்து அங்கே கொண்டுபோய் வைத்தானோ தெரியவில்லை.

வேலைக்குச் சேர்ந்த அன்று கட்டட மேனேஜர் ஒரே ஒரு சட்டம்தான் சொன்னார். “ஏறுறவங்க பேசினா பதில் சொல்லு. நீயா பேச்சுக் கொடுக்காதே.” லிஃப்ட்காரர் அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார். பாதி ஆயுள் அந்தப் பெட்டிக்குள்ளேயே போய்விட்டது. சட்டம் பழக்கமாகி, பழக்கம் குணமாகி, வீட்டிலும் தெருவிலும்கூட அவர் தானாக வாயைத் திறப்பதில்லை. “எந்த மாடி?” என்பது ஒன்றுதான் அவராகக் கேட்கிற கேள்வி. “உங்ககூடப் பேசணும்னா நானும் மாடி நம்பர் சொல்லணுமா?” என்று அவர் மனைவி கேலி செய்வாள். அதற்கும் ஒரு சிரிப்புதான் பதில்.

அப்படிப்பட்ட மனிதரையும் பேச வைத்தவர் ஒருவர் உண்டு. கட்டடத்தின் மொட்டைமாடி ஒழுகியபோது அதைச் சரிசெய்ய ஒரு மேஸ்திரி வந்தார். சிமெண்டு மூட்டையோடு ஏறுவார், இறங்குவார், ஏறுகிற நேரமெல்லாம் தொணதொணவென்று பேசுவார். சாரத்திலிருந்து விழுந்து வலது முழங்கால் மடங்காமல் போனவர். அதனால் படி என்றாலே அவருக்கு ஆகாது. “உங்க புண்ணியத்துல என் கால் பொழைச்சுது தம்பி” என்பார். லிஃப்ட்காரர் அவரை அண்ணே என்று கூப்பிட ஆரம்பித்தார். ஒரு நாள் மேஸ்திரி சொன்னார்: “எத்தனை காலத்துக்கு வாடகை வீட்டுக்காரன்கிட்ட வாங்கிக் கட்டிப்பீங்க? என் வீட்டை ஒட்டி ஒரு மனை சும்மா கிடக்கு. வாங்கிப் போடுங்க. கட்டிக் குடுக்க நான் இருக்கேன்.”

வாங்கினார். மேஸ்திரி கட்டிக் கொடுத்தார். அளவு நாடாவையெல்லாம் அவர் மதிக்கிற ஆள் இல்லை. முளைக்குச்சி அடித்து, நூல் கட்டி, ஒற்றைக் கண்ணை மூடிப் பார்த்து, சரி என்றால் சரி. “என் நூல் இதுவரைக்கும் தப்பினதில்ல” என்று தெருவில் போகிறவர்களையெல்லாம் நிறுத்திச் சொல்வார். இரண்டு அறை, ஒரு சமையலறை, முன்னால் ஒரு சின்ன வராந்தா. மேஸ்திரி வீட்டுப் பக்கம் பார்த்த சுவரில் மீட்டருக்கென்று ஒரு பலகையும் அடித்தாயிற்று. மின்கம்பம் அந்தப் பக்கம்தான் இருந்தது. மற்ற மூன்று பக்கமும் முள்செடி மண்டிய காலி மனைகள்.

வாடகை வீட்டுக்காரர் நெருக்கினார். கரண்ட் என்ன, விண்ணப்பம் கொடுத்தால் வந்துவிடப் போகிறது என்று குடிவந்துவிட்டார்கள். லிஃப்ட்காரரின் மனைவிக்குக் கால் தரையில் படவில்லை. சுவருக்கு இளம் பச்சை வண்ணம் அவள்தான் தேர்ந்தெடுத்தாள். மேஸ்திரியின் மனைவியை அக்கா அக்கா என்று கூப்பிட்டுக்கொண்டு நாளுக்கு நாலு தடவை அங்கே போய்வருவாள்.

அந்த நேரம் பார்த்துத்தான் மேஸ்திரியின் மருமகன் வந்து சேர்ந்தான். மாமனார் காலத்துக்குப் பிறகு யாருக்கு எது என்பதை இப்போதே தெளிவாக்கிக்கொள்ள வேண்டுமாம். ஓர் அளவையாளரைக் கூட்டிவந்து சங்கிலி போட்டு அளந்தான். அளந்தால் மேஸ்திரியின் மனை ஒரு பக்கம் குறைகிறது. குறைந்த துண்டு எங்கே என்று பார்த்தால், அதன்மேல் பச்சை வண்ணம் அடித்து நிற்கிறது லிஃப்ட்காரரின் சுவர். ஒரு கட்டில் போடுகிற அகலம்கூட இருக்காது. அந்தச் சுவரைத் தன் கையால் கட்டியவர் மேஸ்திரி. நூல் பிடித்தவரும் அவர்தான்.

இதை ஒப்புக்கொண்டிருந்தால் கதை அங்கேயே முடிந்திருக்கும். ஆனால் அடுத்தவனுக்குத் தன் இடத்திலேயே சுவர் எழுப்பிக் கொடுத்த மேஸ்திரி என்று பெயர் வாங்க எந்த மேஸ்திரிக்கு மனம் வரும்? டீக்கடையில் நாலு பேர் சிரித்தார்கள். மேஸ்திரிக்கு முகம் சுண்டிப்போயிற்று. “நான் நூல் கட்டினது சரியாத்தான் கட்டினேன். எல்லைக் கல்லை எவனோ நகர்த்தி வெச்சிருக்கான். எவனுக்கு லாபமோ அவன்” என்று சொல்லிவிட்டார். அங்கே டீ குடித்துக்கொண்டிருந்த ஒருவர் அதைச் சுடச்சுடக் கொண்டுவந்து லிஃப்ட்காரரின் காதில் போட்டார். இந்த மாதிரிப் பேச்சைக் கொண்டுவந்து சேர்ப்பதற்கு மட்டும் ஆளுக்குப் பஞ்சமே இருக்காது.

அன்றைக்கு லிஃப்ட்காரர் உள்ளுக்குள் உடைந்துபோனார். கை நீட்டி அடுத்தவர் பொருளைத் தொடாதவர். லிஃப்டுக்குள் விட்டுப்போன குடையைக்கூட மாடி மாடியாகத் தேடிக் கொண்டுபோய்க் கொடுக்கிறவர். அவரைப் போய்க் கல்லை நகர்த்தினவன் என்றால்? நேராகப் போய் ‘என்னைப் பாத்து அப்படிச் சொன்னீங்களாண்ணே’ என்று கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. அவர் கேட்கிற ஜாதி இல்லை. அன்றிலிருந்து ‘அண்ணே’ போய் ‘மேஸ்திரி’ ஆனது. அதுவும் வீட்டுக்குள் மட்டும். வெளியில் முகம் கொடுப்பதையே விட்டுவிட்டார். மனைவியிடமும் கண்டிப்பாகச் சொன்னார்: “இனி அந்த வாசப்படியை நீ மிதிக்கக் கூடாது.”

“அக்கா என்ன பண்ணாங்க?” என்றாள் அவள்.

“மிதிக்கக் கூடாதுன்னா மிதிக்கக் கூடாது.”

மின் இணைப்புக்கு விண்ணப்பம் கொடுத்தார். கொடுத்த கையோடு மருமகன் எழுதிக் கொடுக்க, மேஸ்திரி கையெழுத்துப் போட, ஆட்சேப மனு போய்ச் சேர்ந்தது. மீட்டர் லிஃப்ட்காரர் பெயரில் வந்துவிட்டால் நாளைக்கு அதையே காட்டி இடமும் தன்னுடையது என்பாராம். அதுதான் மருமகனுடைய பயம். விண்ணப்பம் கிணற்றில் போட்ட கல்லாகக் கிடந்தது.

வீட்டில் எல்லாம் தயாராகத்தான் இருந்தது. சுவிட்சுகளின் மேல் ஒட்டியிருந்த பிளாஸ்டிக் தாளைக்கூட இன்னும் உரிக்கவில்லை. மின்விசிறிகள் தொங்கின, சிலந்தி வந்து வலை கட்டிக் குடும்பம் நடத்தியது. லிஃப்ட்காரர் காலையில் வேலைக்குப் போகும்போது இரண்டு சார்ஜ் விளக்குகளைப் பையில் போட்டு எடுத்துப் போவார். லிஃப்டின் மோட்டார் அறையில் சார்ஜ் போட்டுச் சாயங்காலம் தூக்கி வருவார். “கரண்டைப் பையில போட்டு வீட்டுக்கு எடுத்துட்டுப் போற ஒரே ஆள் நீங்கதான்” என்று வாட்ச்மேன் சிரிப்பான். சிரிக்கிற விஷயம்தான். ஆனால் அந்தச் சிரிப்பு லிஃப்ட்காரரின் வீட்டு வாசலைத் தாண்டி உள்ளே வரவில்லை. உள்ளே அவர் மனைவிக்கு இளைப்பு.

புதுச் சுவரின் ஈரமோ, சுற்றியிருந்த முள்செடியின் பூந்தூளோ, குடிவந்த பிறகு அது அதிகமாகிவிட்டது. ஆரம்பித்தால் நெஞ்சு ஏறி இறங்கும்; பேச்சு வராது; கட்டில் விளிம்பை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு குனிந்து உட்கார்ந்துவிடுவாள். பெரிய சாலையில் இருக்கிற கிளினிக்குக்குக் கூட்டிப்போய், முகத்தில் மூடி வைத்து மருந்தை ஆவியாக இழுக்கச் செய்தால் தணியும். “வீட்டுலயே ஒரு மிஷின் வெச்சுக்குங்க, ஒவ்வொரு தடவையும் இங்க ஓடிவர முடியாது” என்றார் டாக்டர். வெளியூரில் கட்டிக் கொடுத்த மகள் உடனே வாங்கி அனுப்பினாள். சுவரில் செருகினால் ஓடுகிற மிஷின். சுவர் இருக்கிறது, செருகும் இடம் இருக்கிறது, மிஷினும் இருக்கிறது. அட்டைப் பெட்டியைக்கூடப் பிரிக்காமல் அலமாரியில் வைத்திருந்தார்கள்.

இதில் கொடுமை என்னவென்றால், அவருடைய விண்ணப்பத்தின்மேல் உட்கார்ந்திருந்த இன்ஜினியர் தினமும் அவருடைய லிஃப்டில்தான் ஏறி இறங்கினார். நல்ல மனிதர், ஏறியதும் ஒரு தலையசைப்பு, இறங்கும்போது ஒரு தலையசைப்பு. ஐந்து மாடி தூரம் இருவரும் தனியாக நிற்பார்கள். ‘சார், என் வீட்டு விஷயம்’ என்று நாக்கு நுனி வரைக்கும் வரும். மென்று விழுங்கிவிடுவார். வாட்ச்மேனுக்கு இது தாங்கவில்லை. “அவனவன் அந்த இன்ஜினியரைப் பாக்க நாள் கணக்கா பெஞ்சுல உக்காந்திருக்கான். உங்ககிட்ட தானா வந்து பெட்டிக்குள்ள அடையறாரு. கேக்கறதுக்கு என்ன?”

“பெட்டிக்குள்ள வெச்சுக் கேக்கக் கூடாது” என்பார் லிஃப்ட்காரர்.

கடைசியில் இன்ஜினியரே ஒரு நாள் கேட்டார். பெயரைப் பார்த்திருக்கிறார், முகவரியைப் பார்த்திருக்கிறார், அது இந்த லிஃப்ட்காரர்தான் என்று யாரோ சொல்லியிருக்கிறார்கள். “அது உங்க வீடா? ஏன் சொல்லவேயில்ல?” என்றார். “என் வீடுதான் சார்” என்றார் லிஃப்ட்காரர். இன்ஜினியர் சொன்னது இதுதான்: ஆட்சேபம் சொன்னவர் குறித்த தேதியில் நேரில் வந்து தன் பத்திரத்தையும் அளவுப் படத்தையும் காட்ட வேண்டும். வரவில்லையென்றால் மனு தள்ளுபடி. மறுநாளே கம்பி இழுத்துவிடலாம். “பாதிப் பேர் வரவே மாட்டாங்க. எழுதிப் போடுறதோட சரி. பாக்கலாம்.”

அன்று மாலை வீட்டுக்கு வந்து, யாரும் கேட்காமலேயே மனைவியிடம் முழுக்கச் சொன்னார். அவள் அதிசயமாகப் பார்த்தாள். சொன்ன விஷயத்துக்காகவா, அவர் தானாகச் சொன்னதற்காகவா என்று தெரியவில்லை. அந்த வாரம் அவளுக்கு இளைப்பு இரண்டு முறை வந்து போயிருந்தது. கண்ணுக்குக் கீழே கறுத்திருந்தது. “மேஸ்திரி அண்ணன் வர மாட்டாரு. அந்தக் காலை வெச்சுக்கிட்டு அஞ்சு மாடி எப்படி ஏறுவாரு?” என்றாள். சொல்லிவிட்டு இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். எப்படி ஏறுவார் என்பது இருவருக்கும் தெரியும்.

குறித்த நாள் வந்தது. காலையிலேயே வாட்ச்மேன் குசுகுசுவென்று ஒரு யோசனை சொன்னான். லிஃப்டுக்குப் பின்னால் ‘பழுது’ என்று எழுதிய அட்டை ஒன்று எப்போதும் கிடக்கும். “அதை எடுத்து மாட்டுங்க. மத்தியானம் வரைக்கும் போதும். நொண்டிக் கால் ஏறாது. யாருக்குத் தெரியப்போகுது?”

லிஃப்ட்காரர் அந்த அட்டையைப் பார்த்தார். பார்க்கவில்லை என்று சொன்னால் அது பொய். நன்றாகவே பார்த்தார். வீட்டில் அவள் கட்டில் விளிம்பைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பது கண்முன் வந்தது. அட்டை மாட்டினால் நாளைக்குக் கரண்ட். பிறகு, “ஏறுற ஆளு யாருன்னு பாத்து ஓட்டுற வேலை இல்ல இது” என்று சொல்லிவிட்டு ஸ்டூலில் போய் உட்கார்ந்துகொண்டார்.

மேஸ்திரி வந்தார். மருமகன் கூட வரவில்லை. மாமனாரை அனுப்பிவிட்டு எங்கேயோ தன் வேலையைப் பார்க்கப் போய்விட்டான். சலவைச் சட்டை, கக்கத்தில் ஒரு பிளாஸ்டிக் பை. லிஃப்ட் வாசலில் வந்து ஒரு கணம் தயங்கினார். படிக்கட்டை ஒரு பார்வை, லிஃப்டை ஒரு பார்வை. வேறு வழியில்லாமல் உள்ளே வந்தார். ஏற வேறு யாரும் இல்லை. லிஃப்ட்காரர் கதவை இழுத்துச் சாத்தினார்.

“எந்த மாடி?” என்றார்.

தெரியாததுபோல் கேட்டார். அந்த ஒரு கேள்வியில் அவருடைய மொத்தக் கோபமும் இருந்தது. மேஸ்திரிக்குச் சுருக்கென்றது. “அஞ்சு” என்றார். லிஃப்ட் கிளம்பியது. மூன்றாம் மாடி தாண்டும்போது மேஸ்திரி தொண்டையைச் செருமினார். “வீட்டுல எல்லாரும் நல்லா இருக்காங்களா?” என்றார். ஏறுகிறவர் பேசினால் பதில் சொல்ல வேண்டும், சட்டம் அப்படித்தான். லிஃப்ட்காரர் வாழ்க்கையில் முதல் முறையாக அந்தச் சட்டத்தை மீறினார். பதில் சொல்லவில்லை. நிமிர்ந்து, ஏறுகிற எண்களையே பார்த்துக்கொண்டு நின்றார். ஐந்தாம் மாடி வந்ததும் கதவைத் திறந்துவிட்டார். மேஸ்திரி காலை இழுத்து இழுத்து நடந்து போனார்.

சாயங்காலம் இன்ஜினியர் இறங்கும்போது அவருக்கும் சங்கடம். “அளவுப் படத்தைக் காட்டிட்டார். நீங்க மீட்டர் கேட்கிற சுவரே அவர் இடத்துல வருது. இந்த இடத் தகராறு கோர்ட்டுக்குப் போய் ஒரு முடிவு வர்ற வரைக்கும் என் கையைக் கட்டிப்போட்ட மாதிரிதான். மறு பக்கம் புதுசா கம்பம் போட்டுத்தான் வரணும், அதுக்கு எப்போ அனுமதி வரும்னு சொல்ல முடியாது” என்றவர், கதவருகில் நின்று, “பக்கத்து வீட்டுக்காரர்தானே? பேசிப் பாருங்களேன். ஆட்சேபம் இல்லைன்னு அவர் ஒரு வரி எழுதிக் குடுத்தா நாளைக்கே லைன் இழுத்துடலாம்” என்றார். லிஃப்ட்காரருக்கு அது யோசனையாகப் படவில்லை. போய்க் காலில் விழு என்று சொன்னதுபோல் இருந்தது.

வீட்டில் மனைவி வராந்தாவிலேயே காத்திருந்தாள். அவர் முகத்தைப் பார்த்ததும் புரிந்துகொண்டாள். “யாரு ஏத்திட்டுப் போனது?” என்றாள்.

“நான்தான். அது என் வேலை.”

அவள் கத்துவாள் என்று எதிர்பார்த்தார். கத்தவில்லை. கத்த மூச்சும் இல்லை. “ஏத்திட்டுப் போனதைத் தப்புன்னு சொல்லல. அவ்வளவு தூரம் ஒண்ணா நின்னீங்களே, அவர்கிட்ட ஒரு வார்த்தை கேட்டீங்களா?” என்றாள்.

“என்னைத் திருடன்னு சொன்ன ஆளுகிட்ட நான் எதைக் கேக்கணும்?”

“நான் கேக்கறேன். அக்காகிட்ட போய் நான் சொல்றேன், எனக்கு இப்படி மூச்சு முட்டுது, மிஷின் சும்மா கிடக்குன்னு. கேட்டா என்ன குறைஞ்சு போயிடுவோம்?”

“நீ அங்க போனா நான் இங்க இருக்க மாட்டேன்” என்றார் லிஃப்ட்காரர். வாய் அதிகம் திறக்காதவர்கள் திறக்கும்போது இப்படித்தான் எதையாவது சொல்லித் தொலைக்கிறார்கள். அவள் அதற்குப் பிறகு அந்தப் பேச்சை எடுக்கவில்லை.

சில வாரங்கள் போயின. ஒரு நாள் நடுப்பகலில், அவர் வேலையில் இருந்த நேரம், அவளுக்கு இளைப்பு கண்டது. எப்போதும்போல் இல்லாமல் ஒரேயடியாக ஏறியிருக்கிறது. கிளினிக்குக்குப் போய்விடலாம் என்று கிளம்பிவிட்டாள். பெரிய சாலைக்குப் போக மேஸ்திரி வீட்டு வாசலைத் தாண்டித்தான் போக வேண்டும். அந்த வீட்டின் காம்பவுண்டுச் சுவரைப் பிடித்துக்கொண்டே அவள் நடந்ததை ஜன்னல் வழியாக மேஸ்திரியின் மனைவி பார்த்திருக்கிறாள். கேட்டுக்கு நேராக வந்ததும் அவள் நின்றாளாம். கேட்டில் கையும் வைத்தாளாம். உள்ளே வருவாள் என்று நினைத்து மேஸ்திரியின் மனைவி எழுந்திருக்கிறாள். ஆனால் அவள் கையை எடுத்துக்கொண்டு மேலே நடந்துவிட்டாள். இன்னும் கோபம் போகவில்லை, கூப்பிட்டால் முகத்தில் அடித்ததுபோல் ஏதாவது சொல்லிவிடுவாள் என்று நினைத்து மேஸ்திரியின் மனைவியும் கூப்பிடவில்லை. பிறகு இதையெல்லாம் அவளே தன் தலையில் அடித்துக்கொண்டு தெரு முழுக்கச் சொல்லி அழுதாள்.

தெருமுனையில் உட்கார்ந்தவளை ஓர் ஆட்டோக்காரர் தூக்கிப் போட்டுக்கொண்டு கிளினிக்குக்கு ஓடினார். அங்கே போனபோது உயிர் இல்லை. வாட்ச்மேனுக்குப் போன் வந்தது. அவன் படியேறி மாடி மாடியாக ஓடிக் கத்தினான். லிஃப்ட் அப்போது மேலே போய்க்கொண்டிருந்தது. நான்காம் மாடிக்குப் போக வேண்டிய ஒரு கிழவரை இறக்கிவிட்டுத்தான் லிஃப்ட்காரர் கீழே வந்தார். விஷயத்தைக் கேட்டதும் அவர் அழவில்லை. “யாரு கூட இருக்காங்க?” என்று கேட்டார். யாரும் இல்லை என்றான் வாட்ச்மேன்.

சாயங்காலம் உடலை வீட்டுக்குக் கொண்டுவந்தார்கள். மகள் தூரத்திலிருந்து வர வேண்டும். எப்படிக் கிளம்பினாலும் மறுநாள் மாலைக்கு முன்னால் வந்து சேர முடியாது. வெயில் காலம். குளிர்பெட்டி சொல்லி அனுப்பினார்கள். இரண்டு ஆட்கள் வண்டியிலிருந்து பெட்டியை இறக்கி, முன்னறையில் வைத்து, அவளை அதற்குள் படுக்க வைத்தார்கள். அதில் ஒருவன் வயரின் நுனியைக் கையில் எடுத்துக்கொண்டு சுவரைப் பார்த்தான். “பிளக் பாயிண்ட் எங்கங்க?”

லிஃப்ட்காரர் சுவரைக் காட்டினார். அவன் செருகி, சுவிட்சைப் போட்டான். மறுபடி போட்டான். பக்கத்துச் சுவிட்சையும் போட்டுப் பார்த்தான். “கரண்ட் இல்லையா?”

அவன் வயரைப் பிடுங்கி எதிர்ச்சுவரிலும் செருகிப் பார்த்தான்.

“எப்போ வரும்?”

விஷயம் தெரியாத அந்த ஆள் எரிச்சலோடு, “கரண்டே இல்லாம பெட்டியை எதுக்குங்க வரச் சொன்னீங்க?” என்றான். வந்திருந்த உறவுக்காரர்கள் தரையைப் பார்த்தார்கள். லிஃப்ட்காரர் தன் வீட்டுச் சுவரில் முகத்தைப் புதைத்துக்கொண்டார். அதுவரை வராத அழுகை அப்போதுதான் வந்தது. பெருங்குரலெடுத்து அழுதார்.

கொஞ்ச நேரம் கழித்துத் திரும்பியபோது வாசலில் மேஸ்திரி நின்றுகொண்டிருந்தார். தோளில் ஒரு சுருள் வயர். முகம் வீங்கியிருந்தது. வராந்தாவில் கால் வைக்காமல், அந்தத் தகராறுச் சுவரின் ஓரத்தில் நின்றபடியே, “உள்ள கொண்டு வரட்டுமா தம்பி?” என்றார்.

உறவுக்காரர் ஒருவர் கையை ஓங்கிக்கொண்டு எழுந்தார். லிஃப்ட்காரர் தடுத்தார். அவளைக் கெடாமல் வைத்திருக்க வேண்டும். மகள் வந்து முகத்தைப் பார்க்க வேண்டும். அந்த நேரத்தில் அவருக்கு மானம் என்று ஒன்று மிச்சம் இல்லை. தலையை ஆட்டினார். மேஸ்திரி மடங்காத காலை இழுத்துக்கொண்டு, தன் வீட்டு ஜன்னலிலிருந்து இரண்டு வீட்டுக்கும் நடுவிலிருந்த இடைவெளியைத் தாண்டி வயரை இழுத்து வந்து, பெட்டியில் இணைத்தார். பெட்டி உறுமிவிட்டு ஓட ஆரம்பித்தது. அதிலேயே ஒரு பல்பையும் மாட்டித் தொங்கவிட்டார். இளம் பச்சைச் சுவரெல்லாம் பளிச்சென்று தெரிந்தது. அந்த வீட்டில் கரண்டில் எரிந்த முதல் விளக்கு அதுதான்.

ஆட்கள் ஒவ்வொருவராக வராந்தாவுக்கு நகர்ந்தார்கள். மேஸ்திரி மட்டும் காலை நீட்டிப் பெட்டியின் ஓரமாகத் தரையில் உட்கார்ந்தார். எதிர்ப்பக்கம் லிஃப்ட்காரர். பிறகு லிஃப்ட்காரர்தான் பேச ஆரம்பித்தார். மேஸ்திரியிடம் அவராகப் பேச்சுக் கொடுத்தது அன்றைக்குத்தான்.

“இந்த வயரை முன்னாடியே கேட்டிருந்தா குடுத்திருப்பீங்களாண்ணே?”

மாட்டேன், முடியாது, மருமகன் விட்டிருக்க மாட்டான் என்று அந்த மனிதர் ஏதாவது சொல்வார், அதைப் பிடித்துக்கொண்டு மிச்சமிருக்கும் காலம் முழுக்க வெறுக்கலாம் என்று அவருக்கு ஓர் ஆசை இருந்தது. மேஸ்திரி துண்டால் முகத்தைத் துடைத்தார்.

“சுவர் கதை வேற தம்பி. அது கோர்ட்டு பாத்துக்கும். மீட்டர் உங்க பேர்ல வரக் கூடாதுன்னு சொன்னது நான்தான், அதை நான் இல்லைன்னு சொல்லல. ஆனா தங்கச்சிக்கு இந்த மாதிரி இளைப்பு, அதுக்கு மிஷின் வாங்கி வெச்சிருக்கீங்க, அதுக்குக் கரண்ட் வேணும்னு எங்களுக்கு யாரு சொன்னாங்க? அன்னிக்கு லிஃப்டுல நானே கேட்டேனே, வீட்டுல எல்லாரும் நல்லா இருக்காங்களான்னு.” மேஸ்திரி பெட்டியின்மேல் கை வைத்தார். “நீங்க ஒண்ணும் சொல்லலியே.”

லிஃப்ட்காரர் அவர் முகத்தை உற்றுப் பார்த்தார். பொய் சொல்கிறாரா என்று தேடினார். பொய் இல்லை. பொய்யாக இருந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

மறுநாள் மகள் வந்து இறங்கும்வரை இருவரும் பெட்டியின் இரண்டு பக்கமும் அப்படியே உட்கார்ந்திருந்தார்கள்.